டிஜிட்டல் நாடோடி வாழ்க்கை உண்மையில் எப்படி நடக்கிறது?

கடற்கரை, சாய்வு நாற்காலி, மடியில் லேப்டாப். டிஜிட்டல் நாடோடி என்று தேடினால் முதலில் வந்து நிற்கிற படம் இதுதான். அப்படி ஒருநாள் உட்கார்ந்து பார்த்தவர்களுக்குத் தெரியும், வெயிலில் திரை கண்ணாடியாகி நம் முகம்தான் அதில் தெரியும், கொஞ்ச நேரத்தில் லேப்டாப்பின் அடிப்பக்கம் சுட ஆரம்பிக்கும், மணல் கீபோர்டுக்குள் போய்விட்டால் லேசில் வெளியே வராது. இந்த வாழ்க்கையை வாழ்கிறவர்கள் பெரும்பாலான நாட்களில் ஒரு அறைக்குள், ஜன்னல் திரையை இழுத்துவிட்டு, ரவுட்டருக்குப் பக்கத்தில் உட்கார்ந்துதான் வேலை செய்கிறார்கள்.

படம் தப்பாக இருப்பதால் பெரிய நஷ்டம் ஒன்றும் இல்லை. நஷ்டம் வருவது "எங்கிருந்து வேண்டுமானாலும் வேலை செய்யலாம்" என்ற வாக்கியத்தை அப்படியே நம்புவதால். விசா காலம் தாண்டித் தங்கி விமான நிலையத்தில் மாட்டிக்கொண்டவர்கள், இரண்டு வருடம் கழித்து வரி நோட்டீஸ் வந்து திகைத்தவர்கள், மேலாளரிடம் சொல்லாமல் போய் வேலையை இழந்தவர்கள் என்று பலரை எனக்குத் தெரியும். ஒருவரும் கெட்ட எண்ணத்தோடு செய்தவர் இல்லை. யாரும் அவர்களுக்கு ஒழுங்காக எடுத்துச் சொல்லவில்லை, அவ்வளவுதான். நானும் சில வருடங்கள் இப்படி வாழ்ந்திருக்கிறேன் என்பதால், புதிதாக யோசிக்கிறவர்களுக்காக அடியிலிருந்து ஆரம்பித்து எழுதுகிறேன்.

## நாடோடிக்கும் தடம் உண்டு

நாடோடி என்றதும் கால் போன போக்கில் போகிறவர் என்று நினைக்கிறோம். ஆடுமாடு ஓட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போன மேய்ச்சல் மக்கள் அப்படிப் போனதில்லை. மழை நின்றதும் எந்தப் பக்கம் புல் முளைக்கும், கோடையிலும் எங்கே தண்ணீர் கிடைக்கும், எந்த நிலத்துக்காரர் எத்தனை நாள் கிடை போட விடுவார், எல்லாம் தெரிந்துகொண்டுதான் கிளம்புவார்கள். வருடா வருடம் ஏறக்குறைய அதே தடம்.

டிஜிட்டல் நாடோடிக்கும் அப்படி ஒரு தடம் இருக்கிறது, கண்ணுக்குத் தெரியாது என்பதுதான் வித்தியாசம். நிலத்துக்காரர் இடத்தில் குடியேற்றத் துறையும் வரித்துறையும் நிற்கின்றன. தண்ணீர் இடத்தில் இணையம். பருவத்தின் இடத்தில் நேர மண்டலம்.

டிஜிட்டல் நாடோடி என்றால் யார்? இணையம் வழியாக முடித்துக்கொடுக்கக்கூடிய வேலையைச் செய்துகொண்டே, ஓர் ஊரில் நிலையாக இல்லாமல் நாடு விட்டு நாடு மாறி வாழ்கிறவர். வீட்டிலிருந்து வேலை செய்பவர் இதில் சேரமாட்டார், அவர் இடம் மாறுவதில்லை. ஒரு மாத விடுமுறையில் நாலு மெயிலுக்குப் பதில் போடுகிறவரும் சேரமாட்டார். டிஜிட்டல் நாடோடிகளிலேயே மூன்று வகை உண்டு: ஒரு நிறுவனத்தில் சம்பளத்துக்கு இருப்பவர், பல வாடிக்கையாளர்களுக்குத் தனியாக வேலை செய்துகொடுக்கும் ஃப்ரீலான்சர், சொந்தமாக இணையத் தொழில் நடத்துகிறவர். கீழே வரும் சிக்கல்கள் ஒவ்வொன்றும் இந்த மூன்று பேருக்கும் வேறு வேறு மாதிரி வரும் என்பதால் நீங்கள் எந்த வகை என்று இப்போதே குறித்துக்கொள்ளுங்கள்.

இன்னும் மூன்று கேள்விகள். உங்கள் பாஸ்போர்ட் எந்த நாட்டுடையது? உங்களுக்குக் காசு தருகிறவர் எந்த நாட்டில் இருக்கிறார்? இந்த நிமிடம் நீங்கள் எந்த நாட்டில் உட்கார்ந்து தட்டிக்கொண்டிருக்கிறீர்கள்? முதல் இரண்டையும் எல்லோரும் யோசித்துவிடுவார்கள். கோளாறு முக்கால்வாசி மூன்றாவதில்தான் இருக்கிறது.

## விருந்தாளியா, குடித்தனக்காரரா?

"விருந்தும் மருந்தும் மூன்று நாள்" என்பது நமக்குத் தெரிந்த கணக்கு. ஒரு வீட்டுக்கு விருந்தாளியாகப் போனால் நல்ல கவனிப்பு கிடைக்கும், ஆனால் அங்கே கடை விரிக்க முடியாது. குடித்தனக்காரராகப் போனால் வாடகை, ஒப்பந்தம், மின்கட்டணம் எல்லாம் உண்டு, பதிலுக்கு அங்கே தங்கி இருக்கிற உரிமையும் உண்டு. நாடுகளும் வருகிறவர்களை இப்படித்தான் பிரித்துப் பார்க்கின்றன. சுற்றுலா விசாவில் போனவர் விருந்தாளி. வசிப்பு அனுமதியோடு போனவர் குடித்தனக்காரர்.

டிஜிட்டல் நாடோடி இரண்டுக்கும் நடுவில் நிற்கிறார், குழப்பத்தின் வேர் அங்கேதான். சுற்றுலா விசா விதிகளில் "வேலை செய்யக்கூடாது" என்று எழுதிய காலத்தில் வேலை என்றால் உள்ளூர்க் கடையிலோ தொழிற்சாலையிலோ போய்ச் சேர்வது என்றுதான் எல்லோருக்கும் பொருள். வேறு நாட்டு வாடிக்கையாளருக்காக ஓட்டல் அறையில் உட்கார்ந்து தட்டுவது அதில் வருமா வராதா என்று பல நாடுகள் இன்றுவரை தெளிவாக எழுதவில்லை. சில நாடுகள் எழுதிவிட்டன. பிரிட்டன் 2024 ஜனவரி 31 முதல், பார்வையாளராக வந்தவர் தன் வெளிநாட்டு வேலையைத் தொலைவிலிருந்து செய்யலாம் என்று விதியை மாற்றியது, ஆனால் அதுவே வந்த முதன்மை நோக்கமாக இருக்கக்கூடாது. நியூசிலாந்து 2025 ஜனவரி 27 முதல் பார்வையாளர் விசாவில் அப்படி வேலை செய்ய அனுமதிக்கிறது, 92 நாளைத் தாண்டினால் வரிப் பொறுப்பு வரலாம் என்றும் எச்சரிக்கிறது.

எழுதாத நாடுகளில் "எல்லோரும் செய்கிறார்கள், யாரும் கேட்பதில்லை" என்பதைத்தான் ஆதாரமாகச் சொல்வார்கள். கேட்காதவரை சரி. கேட்கிற நாளில் கவுண்டரில் தனியாக நிற்கப்போவது நீங்கள்தான்.

## 90 நாள் கணக்கை முதலில் சரியாகப் போடுங்கள்

ஐரோப்பாவில் 29 நாடுகள் தங்களுக்குள் எல்லைச் சோதனையை நீக்கி வைத்திருக்கும் பகுதிக்கு ஷெங்கன் என்று பெயர். குறுகிய காலத்துக்கு வருகிறவர் எந்த 180 நாளை எடுத்துக்கொண்டாலும் அதில் 90 நாளுக்கு மேல் அங்கே இருக்கக்கூடாது. இதை "90 நாள் இருந்துவிட்டு ஒருநாள் பக்கத்து நாட்டுக்குப் போய்த் திரும்பினால் கணக்கு மறுபடி பூஜ்யத்தில் ஆரம்பிக்கும்" என்று புரிந்துகொண்டவர்களை இன்னும் பார்க்கிறேன். அது நடக்காது.

ஒவ்வொரு நாளும் அந்த நாளிலிருந்து பின்னோக்கி 180 நாளைப் பார்ப்பார்கள். உதாரணத்துக்கு, லீப் வருடம் அல்லாத ஒரு வருடத்தில் ஜனவரி 1-ஆம் தேதி உள்ளே போகிறீர்கள், மார்ச் 31-ஆம் தேதி வெளியே வருகிறீர்கள். 31 கூட்டல் 28 கூட்டல் 31, சரியாக 90 நாள் தீர்ந்தது. மறுபடி எப்போது போகலாம்? ஜூன் 29-இல் போனால் பின்னோக்கிய 180 நாளுக்குள் ஜனவரி 1-உம் விழும், அதனால் 91 ஆகிவிடும். ஜூன் 30-இல் போனால் ஜனவரி 1 கணக்கிலிருந்து கழன்றுவிடும், நுழையலாம். ஒரே ஒரு நாள் வித்தியாசம்தான், ஆனால் அந்த ஒருநாள்தான் அபராதத்துக்கும் நுழைவுத் தடைக்கும் கொண்டுபோய் விடும். முத்திரையைப் புரட்டி அதிகாரி கணக்குப் போட்ட காலமும் மலையேறிக்கொண்டிருக்கிறது. 2025 அக்டோபர் 12 முதல் நுழைவையும் வெளியேற்றத்தையும் கணினியில் பதிகிற முறையைப் படிப்படியாகக் கொண்டுவந்தார்கள். கணினி எண்ணினால் கண் தவறாது.

## டிஜிட்டல் நாடோடி விசா எதைத் தரும், எதைத் தராது

பெருந்தொற்றுக் காலத்தில் சுற்றுலா நின்றுபோனபோதுதான் இந்த விசாக்கள் வேகமாக வந்தன. பார்படோஸ் 2020 ஜூலையில் 12 மாத அனுமதியோடு ஆரம்பித்தது, அடுத்த மாதமே எஸ்டோனியா. 2021 ஜனவரியில் குரோஷியா, 2022 அக்டோபரில் போர்ச்சுகல், 2023-இல் ஸ்பெயின், 2024-இல் தென்கொரியா, ஜப்பான், தாய்லாந்து என்று வரிசை நீண்டது.

பெயர் ஒன்றாக இருந்தாலும் உள்ளே இருப்பது வேறு. ஜப்பானின் அனுமதி 6 மாதம்தான், நீட்டிக்க முடியாது, ஆண்டு வருமானம் குறைந்தது 1 கோடி யென் இருக்க வேண்டும், அதுவும் குறிப்பிட்ட சில நாட்டுக் குடிமக்களுக்கு மட்டும். தாய்லாந்தின் விசா 5 வருடம் செல்லும், ஆனால் ஒவ்வொரு முறை நுழையும்போதும் 180 நாள் தங்கலாம், கையிருப்பாக 5 லட்சம் பாட் காட்ட வேண்டும். குரோஷியா அந்த அனுமதியில் இருப்பவரின் தொலைதூர வேலை வருமானத்துக்கு வரி விலக்கு தருகிறது, ஸ்பெயினில் வரி உண்டு. இதனால்தான் "டிஜிட்டல் நாடோடி விசா வாங்கிவிட்டால் வரி கிடையாதாமே" என்று யாராவது கேட்டால் "எந்த நாட்டு விசா?" என்று திருப்பிக் கேட்கிறேன்.

பொதுவாக அவர்கள் கேட்பது வெளிநாட்டிலிருந்து வரும் நிலையான வருமானத்துக்குச் சான்று, மருத்துவக் காப்பீடு, குற்றப் பதிவு இல்லை என்ற சான்றிதழ். அந்த ஊர் நிறுவனத்தில் வேலைக்குச் சேர பெரும்பாலும் அனுமதி இருக்காது. சம்பாதிப்பதை வெளியே சம்பாதி, செலவழிப்பதை இங்கே செலவழி. அந்த ஏற்பாட்டின் சாரம் இவ்வளவுதான்.

இங்கே எஸ்டோனியாவின் ஈ-ரெசிடென்சி பற்றி ஒரு வார்த்தை. 2014 டிசம்பரில் வந்த இந்தத் திட்டம் தருவது மின் அடையாள அட்டை, அதை வைத்து எஸ்டோனியாவில் இணையம் வழியாக நிறுவனம் தொடங்கலாம், ஆவணங்களில் கையெழுத்திடலாம். எஸ்டோனியாவுக்குள் நுழையவோ வசிக்கவோ அது உரிமை தராது, உங்களை அந்த நாட்டு வரிக் கணக்கிலும் சேர்க்காது. பெயரில் ரெசிடென்சி இருப்பதால் ஏமாந்து விசா போலக் கருதி விண்ணப்பித்தவர்கள் நிறைய.

இதுவரை சொன்னதைத் திரட்டினால்: விசா என்பது ஒரு நாட்டில் தங்கி இருக்கிற உரிமை. சுற்றுலா விசாவில் வேலை செய்யலாமா என்பது நாட்டுக்கு நாடு மாறும், நாட்களை எண்ணுகிற முறையும் மாறும். விசா கையில் இருப்பதால் வரிக் கேள்வி தீர்ந்துவிடாது. அதைத் தனியாகப் பார்க்க வேண்டும்.

## வரி: எல்லோரும் தப்பாகச் சொல்லும் பகுதி

அடிக்கடி காதில் விழுவது இதுதான்: "எந்த நாட்டிலும் 183 நாளுக்கு மேல் இருக்காதே, அப்படியானால் எந்த நாட்டுக்கும் வரி கட்ட வேண்டாம்." கேட்க அழகாக இருக்கிறது. இதில் மூன்று ஓட்டைகள்.

முதலில் 183 எங்கிருந்து வந்தது? 365-இல் பாதிக்கு மேல், அவ்வளவுதான். ஒரு வருடத்தில் பாதிக்கு மேல் ஒரு நாட்டில் இருந்தால் நீ அந்த நாட்டுக்காரன் மாதிரிதான், உன் வருமானத்துக்கு இங்கே கணக்குக் காட்டு என்று பல நாடுகள் சொல்கின்றன. அப்படி ஒரு நாடு உங்களைத் தன் கணக்கில் சேர்ப்பதற்குப் பெயர் வரி வசிப்பு. ஒரு நாட்டின் வரி வசிப்பாளராகிவிட்டால் பல நாடுகளில் உலகம் முழுக்க நீங்கள் சம்பாதித்தது அவர்கள் கணக்குக்குள் வரும்.

ஓட்டை ஒன்று, எல்லா நாடும் 183-ஐப் பிடித்துக்கொண்டிருக்கவில்லை, எண்ணும் விதமும் ஒன்றில்லை. ஸ்பெயின் ஜனவரி முதல் டிசம்பர் வரை எண்ணுகிறது. போர்ச்சுகல் எந்த 12 மாதத்தையும் எடுத்து எண்ணும், அதாவது இந்த வருடக் கடைசியும் அடுத்த வருட ஆரம்பமும் ஒன்றாகச் சேரும். தாய்லாந்தில் 180. சைப்ரஸில் சில நிபந்தனைகள் பொருந்தினால் 60 நாளே போதும். அமெரிக்காவின் கணக்கு இன்னும் விசித்திரம்: இந்த வருட நாட்களை முழுதாகவும், போன வருடத்தில் மூன்றில் ஒரு பங்கும், அதற்கு முந்தைய வருடத்தில் ஆறில் ஒரு பங்கும் கூட்டுவார்கள். வருடத்துக்கு 122 நாள் வீதம் மூன்று வருடம் போய் வந்தால் 122, 40.67, 20.33 சேர்ந்து சரியாக 183 ஆகிவிடுகிறது. விலக்குகள் உண்டு, ஆனால் வருடத்தில் நாலு மாதம்தானே இருந்தேன் என்று நினைத்தவருக்கு இது அதிர்ச்சிதான்.

ஓட்டை இரண்டு, கிளம்பிவந்த நாடு உங்களை அவ்வளவு சுலபத்தில் விடாது. வீடு அங்கே இருக்கிறது, குடும்பம் அங்கே, வங்கிக் கணக்கு அங்கே என்றால், நீங்கள் சுற்றிக்கொண்டிருந்தாலும் பல நாடுகள் தங்கள் வரி வசிப்பாளராகவே உங்களைப் பார்க்கும். அமெரிக்கக் குடிமக்கள் உலகத்தின் எந்த மூலையில் இருந்தாலும் அமெரிக்காவில் வரிக் கணக்குத் தாக்கல் செய்தாக வேண்டும்.

மூன்றாவது ஓட்டைதான் பெரியது. காசு எந்த நாட்டு வங்கியில் விழுகிறதோ அந்த நாட்டு வருமானம் அது என்று எல்லோரும் நினைக்கிறார்கள். உடலுழைப்போ மூளையுழைப்போ, உழைத்துச் சம்பாதிக்கிற காசு எங்கே உட்கார்ந்து உழைத்தோமோ அங்கே விளைந்தது என்பதுதான் பெரும்பாலான வரிச் சட்டங்களின் பார்வை. வயல் இருக்கிற ஊரில்தான் விளைச்சல், நெல்லை எந்த ஊர்ச் சந்தையில் விற்றாலும். உங்கள் வயல் இங்கே உங்கள் நாற்காலி. நீங்கள் குறைந்த நாட்களே இருந்தாலும், வரி வசிப்பாளராக ஆகாவிட்டாலும், அந்த நாட்களில் சம்பாதித்ததற்கு அந்த நாடு உரிமை கேட்கலாம்.

அப்படியானால் இரண்டு நாட்டுக்கும் கட்ட வேண்டுமா? அதைத் தடுக்கத்தான் நாடுகள் தங்களுக்குள் இரட்டை வரி தவிர்ப்பு ஒப்பந்தம் போட்டிருக்கின்றன. இரண்டு நாடும் "இவர் எங்கள் ஆள்" என்று சொன்னால் வழக்கமாக வரிசையாக நாலு கேள்வி கேட்பார்கள்: நிரந்தர வீடு எங்கே? குடும்பமும் தொழிலும் எந்த நாட்டோடு நெருக்கம்? வழக்கமாக எங்கே தங்குகிறார்? எந்த நாட்டுக் குடிமகன்? முதல் கேள்வியிலேயே முடிவு கிடைத்தால் அடுத்ததற்குப் போகமாட்டார்கள். சம்பளக்காரர் 183 நாளுக்குள் இருந்து, அவருடைய நிறுவனமும் அந்த நாட்டில் இல்லையென்றால், அந்த நாடு வரி கேட்காமல் விட்டுவிடும் பிரிவும் இந்த ஒப்பந்தங்களில் பெரும்பாலும் இருக்கும். 183 என்ற எண் மந்திரம் போலப் பரவியதற்கு இந்தப் பிரிவும் ஒரு காரணம். ஆனால் அது ஒப்பந்தம் உள்ள நாடுகளுக்கு இடையில்தான், சம்பளக்காரருக்குத்தான். ஃப்ரீலான்சருக்கு விதி வேறு.

வரியில் நினைவில் வைக்க வேண்டியது: நாள் எண்ணிக்கை ஒரு அளவுகோல்தான். வீடும் குடும்பமும் இன்னொன்று. உட்கார்ந்து வேலை செய்த இடம் மூன்றாவது. இதைத் தாண்டிய நுணுக்கத்துக்கு இரண்டு நாட்டு விதியும் தெரிந்த வரி ஆலோசகரிடம் ஒருமுறை காசு கொடுத்து உட்கார்ந்து பேசுங்கள், அந்தச் செலவுக்குக் கணக்குப் பார்க்காதீர்கள்.

## நிறுவனம் ஏன் மறுக்கிறது?

"வீட்டிலிருந்து செய்யலாம் என்றால் வேறு நாட்டிலிருந்து ஏன் கூடாது? நம்பிக்கை இல்லையா?" என்று கோபப்படுகிறவர்களை நிறையக் கேட்டிருக்கிறேன். நம்பிக்கை இதில் சின்ன விஷயம். நீங்கள் ஒரு நாட்டில் மாதக்கணக்கில் உட்கார்ந்து நிறுவனத்துக்காக வேலை செய்தால், முக்கியமாக ஒப்பந்தம் பேசி முடிக்கிற பொறுப்பில் இருந்தால், "உங்கள் நிறுவனத்துக்கு எங்கள் நாட்டில் தொழிலிடம் இருக்கிறது, லாபத்தில் ஒரு பங்குக்கு இங்கே வரி கட்டுங்கள்" என்று அந்த நாடு நிறுவனத்தைக் கேட்கலாம். வரிச் சட்டத்தில் இதற்கு நிரந்தரத் தொழிலிடம் என்று பெயர். இதோடு அந்த நாட்டின் சமூகப் பாதுகாப்புப் பிடித்தம், பணிநீக்கச் சட்டம், வாடிக்கையாளர் தரவுகளை நாடு தாண்டி எடுத்துப்போவதற்கான கட்டுப்பாடு எல்லாம் சேரும். ஒருவருடைய மூன்று மாத ஆசைக்காக நிறுவனம் இத்தனையையும் தலையில் போட்டுக்கொள்ளத் தயங்குவது நியாயம்தான்.

அதனால்தான் சிலர் சொல்லாமல் போகிறார்கள். விபிஎன் போட்டால் போதும் என்பார்கள். விபிஎன் உங்கள் இணையப் போக்குவரத்தை வேறு இடத்துக் கணினி வழியாகத் திருப்பிவிடும், அதனால் நீங்கள் அங்கே இருப்பது போலத் தெரியும். உங்கள் உடம்பை அது நகர்த்துவதில்லை. விசாவும் வரியும் காப்பீடும் உடம்பு இருக்கிற இடத்தைத்தான் பார்க்கின்றன. எனவே மேலாளரிடம் கேளுங்கள், எந்த நாடு, எத்தனை நாள் என்று எழுத்தில் அனுமதி வாங்குங்கள். பல நிறுவனங்கள் வருடத்துக்குச் சில வாரங்கள் என்று ஒரு வரம்போடு அனுமதிக்கின்றன.

## கடிகாரம் உங்களோடு இடம் மாறாது

நியூயார்க்கில் காலை 9 மணிக் கூட்டம் என்றால் குளிர்காலத்தில் இந்தோனேசியாவின் பாலித் தீவில் அது இரவு 10 மணி. போர்ச்சுகலின் லிஸ்பனில் பிற்பகல் 2 மணி. ஒரே வேலை, ஒரே சம்பளம், ஆனால் லிஸ்பனில் இருப்பவர் வேலையை முடித்து இரவிலேயே தூங்கப் போய்விடுவார், பாலியில் இருப்பவர் விடியற்காலையில் படுத்து மதியத்தில் எழுவார். தீவைப் பார்க்கப் போனவர் பகலில் தூங்குகிறார்.

இன்னொரு பொறி இருக்கிறது. கோடைக்காக அமெரிக்கா கடிகாரத்தை மார்ச் இரண்டாம் ஞாயிறன்று ஒரு மணி நேரம் முன்னே தள்ளுகிறது, ஐரோப்பா மார்ச் கடைசி ஞாயிறன்று. நடுவில் இரண்டு மூன்று வாரம் இரண்டுக்கும் உள்ள இடைவெளி மாறியிருக்கும். கூட்டத்துக்கு ஒரு மணி நேரம் முன்பின்னாக வருகிறவர்கள் பெரும்பாலும் அந்த வாரங்களில்தான் தவறுவார்கள்.

ஒரு தீவு நகரத்தில் நான் இருந்தபோது தினமும் இரவு 10 மணிக்குக் கூட்டம். சுவர் மெல்லிசு, பக்கத்து அறையில் குழந்தை தூங்கும். குளியலறையில் மட்டும் சத்தம் வெளியே போகாது என்பதால் துணி துவைக்கிற இயந்திரத்தின் மேல் லேப்டாப்பை வைத்து நின்றுகொண்டே பேசினேன். மூன்று வாரம் தாங்கியது. அப்புறம் பகலில் கண் எரிய ஆரம்பித்தது, சின்னச் சின்னக் கணக்கில் எல்லாம் தப்பு விட்டேன். அன்றிலிருந்து ஊரைத் தேர்ந்தெடுக்கும்போது முதலில் பார்ப்பது கடலையோ மலையையோ அல்ல, குழுவோடு சேர்ந்து விழித்திருக்கும் நேரம் குறைந்தது நாலு மணி நேரமாவது பகலில் கிடைக்கிறதா என்பதைத்தான். எழுத்திலேயே வேலையை ஒப்படைத்து, அவரவர் நேரத்தில் செய்கிற குழுவில் இருந்தால் இந்தக் கட்டுப்பாடு தளரும்.

## வேகம் ஒன்று, தாமதம் இன்னொன்று

"வைஃபை வேகமாக இருக்கிறது" என்று விடுதிக்காரர் சொன்னால் அவர் சொல்வது பதிவிறக்க வேகம், அதாவது தரவு உங்களை நோக்கி வருகிற வேகம். வீடியோ பேச்சில் உங்கள் முகமும் குரலும் போக வேண்டும், அதற்குப் பதிவேற்ற வேகம் தேவை. பல இணைப்புகளில் பதிவேற்றம் பதிவிறக்கத்தைவிட மிகக் குறைவு.

அப்புறம் தாமதம் என்று ஒன்று இருக்கிறது, ஒரு செய்தி போய்ச் சேர்ந்து பதில் வருவதற்கு ஆகும் நேரம். இணையத் தரவு தூரத்தைக் கடப்பது பெரும்பாலும் கண்ணாடி இழைக் கேபிளில், ஒளியாக; அந்த இழைக்குள் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் போகும். பாலிக்கும் நியூயார்க்குக்கும் நேர்க்கோட்டில் சுமார் 16,000 கிலோமீட்டர், எனவே போய்வர குறைந்தது 160 மில்லிநொடி. கேபிள் நேர்க்கோட்டில் போவதில்லை, நடுவில் பல கருவிகளைத் தாண்ட வேண்டும், நடைமுறையில் இதைவிடக் கூடும். எவ்வளவு வேகமான இணைப்பு வாங்கினாலும் இதைக் குறைக்க முடியாது, இது தூரத்தின் கணக்கு. மெயிலுக்கு இது ஒன்றுமில்லை. இரண்டு பேர் ஒரே நேரத்தில் பேசத் தொடங்கி, இருவரும் நிறுத்தி, மறுபடி இருவரும் தொடங்குகிற அந்தச் சங்கடம் இதனால்தான் வருகிறது.

அறையை முன்பதிவு செய்வதற்கு முன் விடுதிக்காரரிடம் பதிவேற்றம் தெரிகிற வேகச் சோதனைப் படம் ஒன்று கேளுங்கள், மேசையும் நாற்காலியும் தெரிகிற படமும் கேளுங்கள். கட்டிலில் உட்கார்ந்து ஒரு மாதம் வேலை செய்த முதுகு அதை நாலு மாதம் நினைவு வைத்திருக்கும்.

## சின்னச் சின்னச் சிக்கல்கள்

வங்கியில் பணம் அனுப்ப வேண்டும். ஓடிபி வரும். பழைய எண்ணுக்குத்தான் வரும். அந்த சிம் புதிய நாட்டில் சிக்னல் பிடிக்கவில்லை. மாத வாடகை கட்ட வேண்டிய ஒரு மாலையில் நான் போனை ஜன்னலுக்கு வெளியே நீட்டிப் பிடித்து, விமான முறையைப் போட்டு எடுத்து, போட்டு எடுத்து, ஐந்தாவது முறை ஓடிபி வந்தபோது அதன் நேரம் கடந்துவிட்டிருந்தது. வீட்டுக்காரம்மா வாசலில் நின்றுகொண்டிருந்தார். கிளம்புவதற்கு முன் எந்தெந்தக் கணக்கு எந்த எண்ணோடு கட்டியிருக்கிறது என்று எழுதிப் பாருங்கள், செயலி வழியாகச் சரிபார்க்கும் வசதி இருந்தால் மாற்றிக்கொள்ளுங்கள், ரோமிங்கை ஊரில் இருக்கும்போதே இயக்கிச் சோதித்துவிடுங்கள்.

காப்பீட்டிலும் இதே மாதிரி ஒரு நழுவல். பயணக் காப்பீடு அவசரத்துக்கு: கால் முறிந்தால் சிகிச்சை, தேவைப்பட்டால் சொந்த நாட்டுக்கு அனுப்பிவைப்பது. தொடர்ந்து மாத்திரை சாப்பிடுகிற நோய்க்கோ பரிசோதனைக்கோ பொதுவாக அது உதவாது. அதற்கு நாடு தாண்டிச் செல்லும் மருத்துவக் காப்பீடு என்று தனியாக இருக்கிறது, கட்டணமும் கூடுதல்.

தனிமையைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள், நான் பார்த்ததை மட்டும் சொல்கிறேன். நண்பர்கள் கிடைப்பது கஷ்டமில்லை, தினமும் புது முகம். ஆனால் ஒவ்வொருவரிடமும் எங்கிருந்து வருகிறாய், என்ன வேலை, எப்போது கிளம்புகிறாய் என்று முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். காய்ச்சலில் படுத்தால் கதவைத் தட்டிப் பார்க்கும் அளவுக்குப் பழகுவதற்குள் ஒருவர் கிளம்பிவிடுவார். வாரத்துக்கு ஓர் ஊர் என்று ஓடுகிறவர்கள் சீக்கிரம் களைத்துப்போகிறார்கள். நீண்ட காலம் இதில் நிலைத்தவர்கள் ஓர் இடத்தில் இரண்டு மூன்று மாதம் தங்குகிறார்கள், பிடித்த ஊருக்கே திரும்பத் திரும்பப் போகிறார்கள், மேய்ச்சல்காரர்களின் தடம் மாதிரியேதான்.

நாம் போய்த் தங்கும் ஊர்க்காரர்களின் பக்கமும் இருக்கிறது. 2025 ஜூலையில் மெக்சிகோ சிட்டியில் வாடகை ஏற்றத்தை எதிர்த்து மக்கள் தெருவில் இறங்கினார்கள், அவர்கள் கோபத்தில் ஒரு பங்கு வெளிநாட்டுச் சம்பளத்தோடு வந்து தங்குகிறவர்கள் மேல் இருந்தது. சுற்றுலாப் பயணிகளுக்கு வாடகைக்கு விடும் குடியிருப்புகளின் உரிமங்களை 2028 நவம்பருக்குள் முடிவுக்குக் கொண்டுவரப்போவதாக பார்சிலோனா அறிவித்திருக்கிறது. நமக்கு மலிவாகத் தெரிகிற வாடகை அங்கே பிறந்து வளர்ந்தவருக்கு எட்டாத வாடகையாக இருக்கலாம். இதை நான் லேசாக எடுத்துக்கொள்வதில்லை, முறையான நீண்ட கால வாடகை ஒப்பந்தம் கிடைக்கும் இடத்தில் அதைத்தான் தேடுகிறேன்.

## எங்கே ஆரம்பிக்கலாம்?

வேலையை விட்டுவிட்டு டிக்கெட் எடுக்காதீர்கள். முதலில் உங்கள் நாட்டுக்குள்ளேயே தெரியாத ஓர் ஊரில் இரண்டு வாரம் தங்கி, ஒருநாள்கூட விடுப்பு எடுக்காமல் வழக்கமான வேலையை முழுதாகச் செய்து பாருங்கள். விசா, வரி எதுவும் குறுக்கே வராத பயிற்சி இது. வேலையின் தரம் குறைகிறதா, இரவில் தூக்கம் வருகிறதா, மூன்றாம் நாள் யாரிடமாவது பேச வேண்டும் போல இருக்கிறதா என்பதெல்லாம் அங்கேயே தெரிந்துவிடும். அது சரியாக அமைந்தால் அடுத்து நேர மண்டலம் ஒத்துவருகிற ஒரே ஒரு நாட்டுக்கு, எழுத்து அனுமதியோடு, ஒரு மாதம்.

கிளம்புகிற நாளிலிருந்து ஒரு அட்டவணை வைத்துக்கொள்ளுங்கள். என்னுடையதில் ஐந்தே கட்டங்கள்: நாடு, நுழைந்த தேதி, வெளியேறிய தேதி, அனுமதி முடியும் தேதி, அந்த வருடம் அந்த நாட்டில் மொத்தம் எத்தனை நாள். பக்கத்திலேயே பாஸ்போர்ட் முத்திரையின் படமும் விமானச் சீட்டும். வரி ஆலோசகர் முதலில் கேட்டதும் இந்தத் தாளைத்தான். நிரப்பும்போது கவனியுங்கள், ஷெங்கன் கணக்கில் உள்ளே நுழைந்த நாளும் வெளியே வந்த நாளும் முழு நாளாகவே எண்ணப்படும். இரவு 11.50-க்கு எல்லையைக் கடந்தாலும் அந்தத் தேதியைத்தான் எழுத வேண்டும்.